இதைச் சொல்வது யார்? ‘தி நம்பர் ஆஃப் தி பீஸ்ட்’ பாட்டுக்கு ஒரு தொடக்க விளக்கம்

அயர்ன் மெய்டன் என்ற பிரிட்டிஷ் ஹெவி மெட்டல் குழுவின் ‘தி நம்பர் ஆஃப் தி பீஸ்ட்’ 1982-இல் வந்தது. ‘மிருகத்தின் எண்’ என்பது தலைப்பின் பொருள். பேய், சாத்தான், மாந்திரீகம் என்று போகும் ராக் பாட்டுகளில் மிகவும் அறியப்பட்ட சிலவற்றுள் இதுவும் ஒன்று. சாத்தானைக் கும்பிடுகிற பாட்டு என்று அதிகமாகத் திட்டு வாங்கியவற்றிலும் இது உண்டு.

புதிதாகக் கேட்பவர் மூன்று இடங்களில் தடுக்கி விழுவார். முதலில் தாளம் பிடிபடாமல் வழுக்கும். அடுத்து, சொற்கள் ஓடும் வேகத்தில் கதை காதில் நிற்காது. சரி என்று வரிகளைத் தேடியெடுத்துப் படித்தால், முதலில் பயந்து நடுங்குகிறவர் கடைசியில் ‘உன் உடம்பில் புகுவேன், உன்னை எரிப்பேன்’ என்று மிரட்டுகிறார். இவர் எந்தப் பக்கம் என்று குழப்பம் வரும். பாட்டு முழுவதும் ஒரே ஆள் பேசுகிறார் என்று எடுத்துக்கொள்வதால் வரும் குழப்பம் இது. ஒவ்வொரு பகுதியிலும் ‘இதைச் சொல்வது யார்?’ என்று கேட்டுக்கொண்டே போனால் பாட்டும் காணொளியும் ஒன்றன்பின் ஒன்றாகத் திறக்கும்.

தமிழ் படித்தவர்களுக்கு இது பழகிய கேள்விதான். சங்க அகப்பாடல் எதுவானாலும் அடியில் ‘தலைவி கூற்று’, ‘தோழி கூற்று’ என்று ஒரு குறிப்பு இருக்கும். குறுந்தொகையின் 25-ஆம் பாட்டில், சாட்சிக்கு ஒரு குருகு மட்டுமே நின்றதைச் சொல்லி ஏங்குகிறாள் ஒரு பெண். பாடியவர் கபிலர். கபிலருக்கே அப்படி நடந்தது என்று யாரும் படிப்பதில்லை. அதே கண்ணோடு இந்தப் பாட்டுக்குள் வாருங்கள்.

முதலில் ஆட்கள். அயர்ன் மெய்டனை 1975 கடைசியில் கிழக்கு லண்டனில் தொடங்கியவர் பேஸ் கிட்டார் வாசிப்பவரான ஸ்டீவ் ஹாரிஸ். இந்தப் பாட்டை எழுதியவரும் அவர்தான். கிட்டார்கள் டேவ் முர்ரே, ஏட்ரியன் ஸ்மித். டிரம்ஸ் கிளைவ் பர். பாடகர் புரூஸ் டிக்கின்சன் 1981-இல்தான் குழுவுக்குள் வந்திருந்தார். இந்தப் பாட்டின் பெயரையே தாங்கிய ஆல்பம் குழுவின் மூன்றாவது, டிக்கின்சனுக்கு முதலாவது. லண்டனில் பேட்டரி ஸ்டுடியோஸில் மார்ட்டின் பர்ச் தயாரிப்பில் பதிவானது. 1982 மார்ச் 22 அன்று வெளிவந்து பிரிட்டிஷ் ஆல்பம் பட்டியலில் முதலிடம் பிடித்தது. பாட்டு ஏப்ரலில் தனி சிங்கிளாக வந்து 18-ஆம் இடம் வரை ஏறியது.

முதல் குரல்: வேதப் புத்தகம்

பாட்டு கிட்டாரில் தொடங்கவில்லை. ஒரு கனத்த ஆண்குரல் எதையோ வாசிக்கிறது. அது டிக்கின்சனின் குரல் இல்லை. பேரி கிளேட்டன் என்ற நடிகரின் குரல். பழைய திகில் படங்களில் புகழ்பெற்ற வின்சென்ட் பிரைஸைத்தான் குழு முதலில் கேட்டது. அவர் தரப்பில் 25,000 பவுண்டுக்குக் குறையாது என்று சொல்லிவிட்டதால் கிளேட்டனிடம் போனார்கள்.

அவர் வாசிப்பது புதிய ஏற்பாட்டின் கடைசி நூலான வெளிப்படுத்தின விசேஷத்திலிருந்து எடுத்தது. இரண்டு இடங்களை வெட்டி ஒட்டியது. முதல் பாதி 12-ஆம் அதிகாரம் 12-ஆம் வசனத்தைச் சார்ந்தது, இரண்டாம் பாதி 13-ஆம் அதிகாரம் 18-ஆம் வசனம். பழைய தமிழ் வேதாகமத்தில் இந்த இரண்டாவது வசனம், ‘அந்த மிருகத்தின் இலக்கத்தைப் புத்தியுடையவன் கணக்குப்பார்க்கக்கடவன்’ என்று வந்து, ‘அறுநூற்றறுபத்தாறு’ என்று முடியும். ஞாயிறு தோறும் கோயிலுக்குப் போய் வளர்ந்த தமிழ்க் கிறிஸ்தவர்களுக்கு அந்தச் சொற்கட்டே ஒரு சிலிர்ப்பைத் தரும். கிங் ஜேம்ஸ் வேதாகமத்தின் பழைய ஆங்கிலம் இங்கிலாந்தில் வளர்ந்தவர்களுக்கு அதையேதான் செய்கிறது. கிளேட்டன் வாசிக்கும்போது அந்தப் பழைமை காதுக்குள் முதலில் இறங்கிவிடுகிறது.

ஒட்டிய இடத்தில் ஒரு மாற்றம் நடந்திருப்பதைப் பலர் கவனிப்பதில்லை. மூலத்தில் பிசாசு தனக்குக் கொஞ்சக் காலமே உண்டென்று அறிந்து தானே கோபத்தோடு இறங்கி வருகிறான். பாட்டில் அவன் வருவதில்லை, மிருகத்தை அனுப்புகிறான். இந்தச் சின்னத் திருத்தத்தால் தலைப்பில் உள்ள மிருகம் கதைக்குள் நுழைந்துவிடுகிறது. வசனத்தை அப்படியே வாசித்திருந்தால் இது கிடைத்திருக்காது.

666 என்பது என்ன கணக்கு

பாட்டின் பல்லவியே இந்த எண் என்பதால் இங்கே கொஞ்சம் நின்று போக வேண்டும். எபிரேய மொழியில் எழுத்துகளே எண்களாகவும் பயன்படும். தமிழில் க என்பது ஒன்றையும் உ என்பது இரண்டையும் குறித்ததை நினைத்துக்கொள்ளுங்கள். அங்கே எழுத்துகள் எல்லாவற்றுக்கும் மதிப்பு உண்டு. ஆகவே எந்தப் பெயரையும் கூட்டி ஓர் எண்ணாக்கலாம்.

‘நீரோ சீசர்’ என்ற ரோமப் பேரரசரின் பெயரை எபிரேயத்தில் ‘நெரோன் கேசர்’ என்று எழுதுவார்கள். நூன் 50, ரேஷ் 200, வாவ் 6, மறுபடி நூன் 50. இது ‘நெரோன்’, கூட்டினால் 306. கோஃப் 100, சாமேக் 60, ரேஷ் 200. இது ‘கேசர்’, கூட்டினால் 360. இரண்டும் சேர்ந்தால் 666. சில பழைய கையெழுத்துப் படிகளில் இந்த எண் 616 என்று இருக்கிறது. அதற்கும் கணக்கு பொருந்துகிறது: லத்தீன் உச்சரிப்பில் ‘நெரோ’ என்று முடித்தால் கடைசி நூன் விழுந்துவிடும், 50 குறையும். அறிஞர்களில் பலர் நீரோ விளக்கத்தை ஏற்க இந்த 616 ஒரு வலுவான காரணம்.

ஆகவே 666 முதல் நூற்றாண்டின் பிற்பகுதியில், துன்புறுத்தப்பட்ட ஒரு சிறு கூட்டம் ஒரு கொடுங்கோலனின் பெயரை வாய்விட்டுச் சொல்லாமல் சொன்ன விதமாக இருக்க வாய்ப்பு அதிகம். வசனமே ‘அது மனுஷருடைய இலக்கம்’ என்கிறது. சாத்தானின் தொலைபேசி எண் போல அதை ஆக்கியவை பிற்காலக் கற்பனைகள். அந்தக் கற்பனைகளுக்கு 20-ஆம் நூற்றாண்டில் பெரிய ஊக்கம் கொடுத்தவர் அலிஸ்டர் குரோவ்லி என்ற ஆங்கிலேய மாந்திரீகர். தன்னையே ‘மிருகம் 666’ என்று அழைத்துக்கொண்டவர் அவர்.

இங்கே சொல் விஷயத்தில் ஒரு கவனம் வேண்டும். ‘அக்கல்ட்’ என்பது மறைந்தது என்ற பொருள் தரும் லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. மறைஞானம், மந்திரச் சடங்கு, ஜோதிடம், ஆவியோடு பேசுவது எல்லாம் அதில் அடங்கும். தமிழில் எல்லாவற்றையும் ‘சாத்தான் வழிபாடு’ என்றோ ‘பில்லி சூனியம்’ என்றோ ஒரே மூட்டையில் கட்டிவிடுகிறோம். இந்தப் பாட்டில் வரும் பொருள்களில் பெரும்பாலானவை வேதாகமத்திலிருந்தும் திகில் படத்திலிருந்தும் ஒரு பழைய கவிதையிலிருந்தும் வந்தவை. குரோவ்லியின் சடங்குகள் இதில் இல்லை.

இரண்டாம் குரல்: கனவு கண்டவன்

கிளேட்டன் முடித்ததும் கிட்டார் அடக்கமாகத் தொடங்குகிறது. அதன்மேல் டிக்கின்சன் கிட்டத்தட்ட ரகசியம் சொல்வதுபோலப் பாடுகிறார். தனியாக நடந்து வருகிறான் ஒருவன், மனம் வெறிச்சோடியிருக்கிறது, கண்டதை மறக்க நேரம் வேண்டும் அவனுக்கு. கண்டது நிஜமா, கனவா, தன் புத்தி கோணியதா? அவனுக்கே தெரியவில்லை.

‘டேமியன்: ஓமன் 2’ என்ற 1978-ஆம் ஆண்டுத் திகில் படத்தைப் பார்த்துவிட்டுத் தான் கண்ட கெட்ட கனவிலிருந்து பாட்டு பிறந்ததாக ஹாரிஸ் சொல்லியிருக்கிறார். கூடவே ஸ்காட்லாந்துக் கவிஞர் ராபர்ட் பர்ன்ஸின் ‘டாம் ஓ ஷாண்டர்’ கவிதையையும் குறிப்பிட்டிருக்கிறார். அந்தக் கவிதையில் குடித்துவிட்டு நள்ளிரவில் குதிரையில் வீடு திரும்பும் டாம், பாழடைந்த ஒரு தேவாலயத்தில் வெளிச்சம் தெரிவதைப் பார்க்கிறான். உள்ளே சூனியக்காரிகள் ஆடுகிறார்கள், சாத்தான் பைக்குழல் ஊதுகிறான். ஒளிந்து பார்த்தவன் ஆர்வம் தாங்காமல் கத்திவிட, அத்தனை பேரும் துரத்துகிறார்கள். ஆற்றுப் பாலத்தைத் தாண்டித் தப்புகிறான், ஆனால் குதிரையின் வால் போய்விடுகிறது.

‘பார்க்கக்கூடாததை ஒளிந்து பார்த்தவன்’ என்ற எலும்புக்கூடு பர்ன்ஸிடமிருந்து வந்தது. இரவு, தீப்பந்தங்கள், மந்திர முழக்கம், வானத்தை நோக்கிய கைகள் என்று பாட்டின் நடுப்பகுதி அதே காட்சியைத்தான் வரைகிறது. டாம் தப்பினான். இந்தப் பாட்டில் வருபவன் தப்புகிறானா என்பதுதான் கேள்வி.

ஐந்து எண்ணிப் பாருங்கள்

இந்த அறிமுகப் பகுதி 5/4 தாளத்தில் இருக்கிறது. ஒரு சுற்றுக்கு ஐந்து அடி. ராக் கேட்டுப் பழகியவர் காது தானாகவே நான்கு எண்ணும். அப்படி எண்ணினால் ஒவ்வொரு சுற்றிலும் உங்கள் ‘ஒன்று’ கிட்டாரின் தொடக்கத்திலிருந்து ஓர் அடி விலகிக்கொண்டே போகும். 20 அடி கழித்துத்தான் இரண்டும் மறுபடி ஒன்றாக விழும். அந்த வழுக்கல்தான் கால்கீழே தரை இல்லாதது போன்ற உணர்வைத் தருகிறது.

சரியாகப் பிடிக்க, பாட்டை 0.75 வேகத்தில் ஓடவிடுங்கள். யூடியூபின் அமைப்பில் இதற்கு வசதி உண்டு, சுருதி மாறாது. கிட்டார் சொற்கட்டு மறுபடி தொடங்கும் இடத்தைக் காதால் கண்டுபிடித்து அங்கே மட்டும் தொடையில் ஒரு தட்டு. நான்கைந்து சுற்று அது சரியாக விழுந்த பிறகு இடைவெளியில் ஐந்து எண்ணுங்கள். எண்ணிக்கையில் தொடங்கித் தொடக்கத்தைத் தேடினால் பெரும்பாலும் குழம்பும். அறிமுகத்தின் பிற்பாதியில் பேஸும் டிரம்ஸும் முழு பலத்தோடு இறங்கும்போது ஐந்து இன்னும் தெளிவாகும்.

இதை வாசிக்கப் பழகும் கிட்டார் மாணவர்கள் அடிக்கடி செய்யும் பிழை, ஐந்தாம் அடியை விழுங்கிவிட்டு அடுத்த சுற்றுக்கு அவசரமாகப் பாய்வது. அப்படிச் செய்தால் அது நான்கரை போலக் கேட்கும், பாடகர் நுழைய இடம் கிடைக்காது. பாடகரின் வரி எங்கே முடிகிறது என்பதைக் காதில் வைத்துக்கொண்டு வாசித்தால் அவசரம் அடங்கும்.

கர்நாடக இசை கேட்டு வளர்ந்தவர்களுக்கு ஐந்து புதிதில்லை. கண்டச் சாப்பில் ‘தக தகிட’ என்று எத்தனையோ கீர்த்தனைகள் உல்லாசமாக நடக்கின்றன, யாரும் பயப்படுவதில்லை. ஐந்து என்ற எண்ணிக்கையில் அச்சம் குடியிருக்கவில்லை. நான்கை எதிர்பார்க்கும் காதிடம் ஐந்தைக் கொடுப்பதில்தான் அது இருக்கிறது.

‘டிரைடோன்’ என்ற சுர இடைவெளி, அதாவது சட்ஜத்துக்கும் பிரதி மத்தியமத்துக்கும் உள்ள தூரம், அதைப் பற்றியும் இதையே சொல்லலாம். பிளாக் சாபத் குழு 1970-இல் தன் பெயரிலேயே வெளியிட்ட பாட்டில் வரும் மூன்று சுரங்களை மெட்டல் இசையின் ‘சாத்தான் ஒலி’ என்பார்கள். கீழே ஒரு சட்ஜம், மேலே அதே சட்ஜம், பிறகு பிரதி மத்தியமம், அவ்வளவுதான். கல்யாணியில் அதே மத்தியமம் தேனாக இருக்கிறது. பிளாக் சாபத் அதை மிக மெதுவாக, பஞ்சமத்தின் துணை இல்லாமல், இடி மழை ஒலிகளுக்கு நடுவே வைத்ததால் அச்சமாகிறது. அயர்ன் மெய்டன் வேறு வழியைப் பிடித்தது. அங்கே மெதுவும் கனமும். இங்கே தாளக் கோணலும், பிறகு பாய்ச்சலும்.

அலறல்

ஒரு நிமிடத்தைச் சற்றுத் தாண்டியதும் டிக்கின்சன் நீளமாக அலறுகிறார். பாட்டின் கீல் இதுதான். இதற்கு முன் ஐந்து அடி, இதற்குப் பின் நான்கு. இதற்கு முன் ரகசியக் குரல், இதற்குப் பின் முழுத் தொண்டை. நினைவுகூர்ந்து கொண்டிருந்தவன் அந்த இரவுக்குள்ளேயே விழுந்துவிடுகிறான். அலறலைக் கடந்தும் ஐந்து எண்ணிக்கொண்டிருந்தால் மறுபடி வழி தவறும். அங்கே கணக்கை மாற்ற வேண்டும்.

இதன் பதிவைப் பற்றி டிக்கின்சன் பலமுறை சொன்ன ஒரு செய்தி பாட்டைப் புரிந்துகொள்ள உதவுகிறது. தயாரிப்பாளர் பர்ச் அந்த ரகசியக் குரல் வரிகளை மட்டும் மணிக்கணக்காகத் திரும்பத் திரும்பப் பாடவைத்தார். அலறிவிட்டுப் போகலாம் என்று வந்தவருக்கு எரிச்சல் தலைக்கேறியது. பர்ச் அதற்கு முன்பு பிளாக் சாபத்தில் பாடகர் ரானி ஜேம்ஸ் டியோவோடு ‘ஹெவன் அண்ட் ஹெல்’ பாட்டிலும் இப்படித்தான் நடந்தது என்று சொல்லி விடாமல் பிடித்தார். அடக்கி வைத்த எரிச்சல் அத்தனையும் கடைசியில் அந்த அலறலில் போய்ச் சேர்ந்தது. பர்ச் செய்தது மிகச் சரி என்பதே எங்கள் எண்ணம். முன்னால் உள்ள மெல்லிய பகுதி பொய்யாக இருந்தால் அலறல் வித்தை காட்டுவதாக மட்டுமே நிற்கும்.

அலறிப் பார்க்க நினைப்பவர்களுக்கு: தொண்டையை இறுக்கி மேலே தள்ளினால் இரண்டாம் முறையே குரல் கம்மிவிடும். ஆழமாக மூச்செடுத்து, வாயை நன்றாகத் திறந்து, மெல்லிய தலைக்குரலில் அந்த உயரத்தைத் தொட்டுப் பழகிய பிறகே பலத்தைச் சேர்க்க வேண்டும். வலித்தால் அன்றைக்கு நிறுத்திவிடுங்கள்.

மூன்றாம் குரல்: மிருகம்

அலறலுக்குப் பின் பாட்டு நிமிடத்துக்கு ஏறக்குறைய 200 அடி வேகத்தில் ஓடுகிறது. சாட்சி கண்டதைச் சொல்கிறான். இதை இப்படியே விடக்கூடாது, சட்டத்துக்குத் தெரிவிக்க வேண்டும் என்றும் சொல்கிறான். சாத்தான் பக்தனின் பாட்டில் போலீசுக்குப் போக வேண்டும் என்று ஒரு வரி எதற்கு? இந்த ஒரு வரியைக் கவனித்தாலே பழியில் பாதி கழன்றுவிடும்.

ஆனால் அவன் போகவில்லை. அந்த முழக்கம் அவனை இழுக்கிறது, கண்கள் மயங்குகின்றன. பல்லவி இன்னொரு முறை வருகிறது. அது முடிந்ததும் பேசுவது வேறு ஆள்: நான் திரும்பி வருவேன், உன் உடம்பைப் பிடிப்பேன், நெருப்பு என்னிடம், வலிமை என்னிடம். ‘நான்’ என்ற சொல் மாறவில்லை. அதற்குள் இருப்பவன் மாறிவிட்டான். ‘அதற்குப் பிறகு மிருகம் பேசியது’ என்று ஒரு வார்த்தை அறிவிப்பு கிடையாது. சாட்சியின் உடம்புக்குள் அது புகுந்துவிட்டது என்று கேட்பவர்தான் உணர வேண்டும். டாம் தப்பித்தான், இவன் தப்பவில்லை.

பாட்டின் மிகச் சிறந்த வேலை இந்த இடம்தான். பாட்டின் மேல் விழுந்த பழி முழுவதும் வந்ததும் இதே இடத்திலிருந்து. கடைசி நான்கு வரிகளை மட்டும் துண்டாக எழுதிக்காட்டினால் யாருக்கும் குழு சாத்தானின் வாக்குமூலம் கொடுத்ததாகத்தான் தெரியும்.

காணொளி என்ன செய்கிறது

காணொளியை இயக்கியவர் டேவிட் மாலட். டேவிட் போயியின் ‘ஆஷஸ் டு ஆஷஸ்’, குயின் குழுவின் ‘ரேடியோ கா கா’ ஆகியவற்றையும் எடுத்தவர். எம்டிவி தொடங்கியது 1981 ஆகஸ்டில். பாட்டுக்குப் படம் தேவை என்ற கட்டாயம் அப்போதுதான் வந்துகொண்டிருந்தது. ஆகவே அடித்தளம் எளிமையானது: குழு 1982 மார்ச்சில் நியூகாசில் சிட்டி ஹால் மேடையில் வாசிக்கும் காட்சி. அதன் நடுவே இரண்டு வகைத் துண்டுகள் செருகப்படுகின்றன.

ஒன்று, பழைய திகில் படங்களின் துணுக்குகள். 1922-இன் மௌனப்படமான ‘நோஸ்ஃபெராட்டு’வின் ரத்தக்காட்டேரியும் காட்ஜில்லா போன்ற ராட்சதர்களும் வந்து போகிறார்கள். இவற்றில் பல 1982-லேயே யாரையும் பயமுறுத்தாத பழைய சரக்கு. ரப்பர் உடை ராட்சதனைக் காட்டிவிட்டு அடுத்த நொடி வியர்த்து வாசிக்கும் ஹாரிஸைக் காட்டினால், இது மக்கள் காசு கொடுத்துப் பயப்படப் போகிற அந்தப் பழைய கொட்டகை விளையாட்டு என்று கண்ணுக்குப் புரிந்துவிடும். பாட்டு கேட்பவரை உள்ளே இழுக்கிறது. காணொளி ஒரு படி வெளியே நிறுத்தி, திரை தெரியும்படி காட்டுகிறது.

மற்றது, கோட்டும் கவுனுமாக ஆடும் பால்ரூம் நடன ஜோடிகள். நடனப் போட்டியில் முதுகில் எண் ஒட்டுவார்களே, அங்கே எண் 6. நாகரிகமான உள்ளூர் நடனப் போட்டிக்குள் மிருகத்தின் எண் நுழைந்திருக்கிறது. பர்ன்ஸின் தேவாலயத்தில் நடந்ததும் ஒரு நடனம்தானே.

காணொளியை முதல்முறை ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள். வெட்டுகள் எங்கே விழுகின்றன, மேடை எத்தனை நேரம், துணுக்குகள் எத்தனை நேரம் என்று தனியாகத் தெரியும். இரண்டாம் முறை ஒலியோடு பார்க்கும்போது, பயமுறுத்துவது பெரும்பாலும் ஒலிதான், படம் அதைத் தணிக்கிறது என்பது பிடிபடும். நேரெதிராக எதிர்பார்த்துப் பார்ப்பவர்கள் ‘காணொளி பழசாகிவிட்டது’ என்று சொல்லி விலகிவிடுகிறார்கள். அது வருத்தம் தருகிறது.

அட்டைப்படத்தில் கயிறு யார் கையில்

ஆல்பத்தின் அட்டையை வரைந்தவர் டெரெக் ரிக்ஸ். குழுவின் அடையாளமான எட்டி என்ற எலும்பு முகப் பிறவி வானளவு நிற்கிறது, அதன் கைக் கயிற்றில் பொம்மையாகச் சாத்தான் ஆடுகிறான். அந்தச் சாத்தானின் கையிலும் கயிறு; அதில் குட்டி எட்டி ஒன்று ஆடுகிறது. யார் யாரை ஆட்டுவிக்கிறார்கள்? பாட்டின் கடைசியில் எழுந்த அதே கேள்வி இங்கே ஒரே படத்தில். ஆனால் இது இந்தப் பாட்டுக்காக வரைந்ததில்லை. ‘பர்கட்டரி’ என்ற முந்தைய சிங்கிளுக்காக ரிக்ஸ் வரைந்து கொடுத்தார். இவ்வளவு நல்ல படத்தைச் சிங்கிளுக்கு வீணாக்கக்கூடாது என்று மேலாளர் ராட் ஸ்மால்வுட் எடுத்துவைத்துக்கொண்டார்.

பழியும் பதிலும்

1982-இல் அமெரிக்கச் சுற்றுப்பயணம் போனபோது கிறிஸ்தவ மத அமைப்புகள் சில எதிர்ப்புத் தெரிவித்தன. இசைத்தட்டுகளைக் குவித்து எரித்தார்கள். எதிர்த்தவர்கள் பாட்டைக் கேட்கவே இல்லை, சொற்களைப் படிக்கவே இல்லை என்று ஹாரிஸ் நொந்துகொண்டார். அவர்களின் பயம் போலி என்று சொல்ல முடியாது. வெளிப்படுத்தின விசேஷத்தை வரப்போகும் நிகழ்ச்சிகளின் பட்டியலாக நம்புகிறவருக்கு 666 விளையாட்டுப் பொருள் ஆகாது. அவர்கள் தவறவிட்டது பேசுகிறவன் மாறும் இடத்தை.

பதிவின்போது நடந்ததாக ஒரு கதையும் சுற்றுகிறது. பர்ச்சின் கார் கன்னியாஸ்திரிகள் வந்த வேன் ஒன்றோடு மோதியது, பழுதுபார்க்க வந்த பில் 666 பவுண்டு, அவர் அதை 667 ஆக்கிக் கொடுத்தார் என்று குழுவினர் சொல்லிவருகிறார்கள். இந்தப் பாட்டைப் பற்றிப் பேசும் இடமெல்லாம் இது வரும். தெரிந்துவைத்துக்கொண்டால் போதும்.

ராக் தட்டுகளைப் பின்னோக்கி ஓட்டினால் சாத்தான் செய்தி கேட்கும் என்ற குற்றச்சாட்டும் அந்தக் காலத்தில் பரவலாக இருந்தது. அடுத்த ஆல்பமான 1983-இன் ‘பீஸ் ஆஃப் மைண்ட்’டில் குழு உண்மையிலேயே ஒன்றைப் பின்னோக்கிப் பதித்து வைத்தது. ‘ஸ்டில் லைஃப்’ பாட்டு தொடங்குவதற்குச் சற்று முன் அது வரும். கேட்க விரும்பினால் ஆடாசிட்டி போன்ற இலவச மென்பொருளில் அந்தச் சில நொடிகளை மட்டும் தேர்ந்தெடுத்து, விளைவுகள் பட்டியலில் பின்னோக்கித் திருப்பும் கட்டளையைக் கொடுங்கள். முழுப் பாட்டையும் திருப்பினால் அந்தத் துண்டு கடைசிக்குப் போய்விடும், தேட நேரிடும். கேட்பது, கிளைவ் பருக்குப் பின் டிரம்ஸுக்கு வந்த நிக்கோ மெக்பிரெயின் உகாண்டாவின் சர்வாதிகாரி இடி அமீனைப் போலக் குரலை மாற்றிப் பேசுவது. உங்களுக்குப் புரியாத விஷயத்தில் கைவைக்காதீர்கள் என்பது அதன் சாரம். அங்கேயும் குரல் ஒருவருடையது, கூற்று இன்னொருவருடையது.

அடுத்து எதைக் கேட்பது

இந்தக் குழு உண்மையிலேயே மறைஞானத்தைத் தொட்ட பாட்டுகள் வேண்டுமென்றால் டிக்கின்சன் எழுதியவற்றுக்குப் போக வேண்டும். ஹாரிஸுக்குக் கனவும் கதையும் போதும். டிக்கின்சன் குரோவ்லியைப் படித்தவர். ‘பீஸ் ஆஃப் மைண்ட்’டில் உள்ள ‘ரெவலேஷன்ஸ்’ தலைப்பைப் பார்த்து அதுவும் வெளிப்படுத்தின விசேஷம்தான் என்று நினைக்க வேண்டாம். அது ஜி. கே. செஸ்டர்டன் எழுதிய ஒரு ஆங்கிலக் கிறிஸ்தவப் பாமாலையின் வரிகளோடு தொடங்கி, குரோவ்லி பக்கம் நகர்கிறது. ஒருமுறை கேட்டுத் தெளியும் பாட்டில்லை, பொறுமை வேண்டும்.

அதன் பிறகு 1988-இன் ‘மூன்சைல்ட்’. ஸ்மித்தும் டிக்கின்சனும் எழுதியது. குரோவ்லி 1929-இல் வெளியிட்ட நாவலின் பெயரும் அதுவே. இந்தப் பாட்டில் அறிமுகத்துக்குப் பின் இசை முழு வேகம் எடுத்ததும் யார் பேசுகிறார் என்று கேட்டுப் பாருங்கள். ஒளிந்து பார்த்தவன் இல்லை, போலீசுக்குப் போக நினைத்தவன் இல்லை. மின் கிட்டார்கள் இறங்கிய நிமிடத்திலிருந்து பேசுவது வானத்திலிருந்து விழுந்த தேவதூதன்.